ஏழைகளுக்காக அந்தக் காலத்தில் கட்டிய தருமக் குடியிருப்பில் இன்றும் மக்கள் வாழ்கிறார்களா?

வாழ்கிறார்கள். ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரில் ஃபுக்கராய் என்றொரு குடியிருப்பு இருக்கிறது. அதன் அறக்கட்டளைப் பத்திரம் எழுதப்பட்டது 1521-இல். இன்றும் சுமார் 150 பேர் அங்கே குடியிருக்கிறார்கள். வாடகை 88 சென்ட். மாதத்துக்கு இல்லை, வருடத்துக்கு. நம் காசில் ஏறக்குறைய நூறு ரூபாய். கரண்ட், ஹீட்டர் செலவு மட்டும் தனி.

இதைவிடப் பழையதும் உண்டு. இங்கிலாந்தின் வின்செஸ்டரில் உள்ள புனித சிலுவை இல்லம் 1130-களில் பதின்மூன்று ஏழை ஆண்களுக்காகத் தொடங்கப்பட்டது. அங்கேயும் இன்று முதியவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அது மடத்து வாழ்க்கையின் சாயலில் நடப்பது, அங்கி அணியும் வழக்கம்கூட உண்டு. ஃபுக்கராய் அப்படி இல்லை. குடும்பத்தோடு போய்க் குடியேறுவதற்கென்றே கட்டிய வீடுகள் அவை.

கட்டியவர் யாக்கோப் ஃபுக்கர். வெள்ளியிலும் செம்பிலும் சம்பாதித்து, பேரரசர்களுக்கே கடன் கொடுத்தவர். தினமும் ஒரு பரலோக மந்திரம், ஒரு அருள்நிறை மந்திரம், ஒரு விசுவாசப் பிரமாணம்: குடியிருப்பவர்கள் அவர் குடும்பத்துக்காக இவற்றைச் சொல்ல வேண்டும் என்பது நிபந்தனை. தன் ஆன்மாவுக்கும் சேர்த்துத்தான் கட்டினார். இடம் கிடைக்க ஆக்ஸ்பர்க் வாசியாக, ஏழையாக, கத்தோலிக்கராக இருக்க வேண்டும். கடைசி நிபந்தனை இன்றும் தொடர்வதில் எனக்கு உடன்பாடு இல்லை.

சரி, என்னை இவ்வளவு பாதித்தது எது என்று சொல்கிறேன். நான் வளர்ந்தது ஒண்டுக்குடித்தனத்தில். ஒரே வாசல், ஐந்து குடும்பம். ராத்திரி அப்பா தாமதமாக வந்தால் முன்கட்டில் இருப்பவர்களை எழுப்பித்தான் உள்ளே வர முடியும், மறுநாள் அதற்கு ஒரு பேச்சு கேட்க வேண்டும். மியூனிக்கில் படித்தபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை ரயிலேறி ஃபுக்கராய் போனேன். மஞ்சள் சுவர், பச்சை ஜன்னல் கதவு, இரண்டு தளங்கள். கீழ்வீட்டுக்கு ஒரு வாசல். அதன் பக்கத்திலேயே மாடிவீட்டுக்கு இன்னொன்று, தெருவிலிருந்தே, தனிப் படியோடு. ஏழைகளைக் கூடத்தில் வரிசையாகப் படுக்க வைத்த காலத்தில், ஒவ்வொரு குடும்பத்துக்கும் தனிக்கதவு வேண்டும் என்று ஒருவருக்குத் தோன்றியிருக்கிறது.

வாசலில் தொங்கும் மணியை இழுக்கும் இரும்புக் கைப்பிடிகளைக் கவனித்தேன். ஒன்று மூவிலை வடிவம், இன்னொன்று பைன் காய். தெருவிளக்கு இல்லாத நாளில் இருட்டில் தடவிப் பார்த்தே தன் வீட்டைக் கண்டுபிடிப்பதற்காக இப்படியாம். நானும் ஒன்றைத் தொட்டுப் பார்த்தேன், ஜில்லென்று இருந்தது.

ஏழைக்கும் மானம் உண்டு என்ற இதே எண்ணம்தான் வாடகையிலும். தொடக்கத்தில் வருடத்துக்கு ஒரு ரைன் குல்டன் நாணயம். அன்றைய கைவினைஞரின் ஏறக்குறைய ஒரு வாரக் கூலி அது. குறைவுதான், ஆனால் சும்மா இல்லை. உழைத்தும் பற்றாத கூலிக்காரர்களும் கைவினைஞர்களுமே வந்தார்கள். இசைமேதை மொசார்ட்டின் கொள்ளுத்தாத்தா, ஃபிரான்ஸ் மொசார்ட் என்ற கொத்தனார், 1681 முதல் 1694 வரை இங்கே குடியிருந்தார்.

1944 பிப்ரவரி குண்டுவீச்சில் பெரும்பகுதி தரைமட்டமானது. போர் முடியும்வரைகூடக் காத்திருக்கவில்லை. சில நாட்களிலேயே திரும்பக் கட்டுவதென்று ஃபுக்கர் குடும்பத்தார் முடிவெடுத்தார்கள். அறக்கட்டளையின் காடுகளிலிருந்து வரும் வருமானம்தான் பல காலமாக இதைத் தாங்குகிறது. சுற்றுலாப் பயணிகள் கொடுக்கும் நுழைவுக் கட்டணமும் சேர்கிறது.

இரவு பத்து மணிக்கு வெளிக்கதவைச் சாத்திவிடுவார்கள். அப்புறம் வருபவர்கள் காவலருக்கு 50 சென்ட் கொடுக்க வேண்டும், நள்ளிரவு தாண்டினால் ஒரு யூரோ. நீங்கள் போனால் காட்சிக்கென்று திறந்து வைத்திருக்கும் வீட்டுக்குள் தாராளமாகச் சுற்றிப் பாருங்கள். மற்ற வீடுகளின் ஜன்னலில் மட்டும் எட்டிப் பார்க்காதீர்கள், உள்ளே யாராவது சமைத்துக்கொண்டிருப்பார்கள்.