மவுஸ் மென்பொருளுக்குக் கேமைத் தெரியாது: ப்ரொஃபைல் கேள்வி-பதில்

மவுஸ், கீபோர்டு, ஹெட்செட் மென்பொருள்களில் கேமுக்கென்று தனி ப்ரொஃபைல் (பட்டன், வேகம், லைட் போன்ற செட்டிங்ஸின் தொகுப்பு) வைப்பது பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றை எடுத்திருக்கிறேன். ஒரே மாதிரி இருந்தவற்றை ஒன்றாகச் சேர்த்துவிட்டேன்.

கேமை மென்பொருளில் சேர்த்தாகிவிட்டது. பெயரும் படமும் சரியாகத்தான் வருகின்றன. ஆனால் கேமைத் திறந்தால் பழைய டெஸ்க்டாப் செட்டிங்ஸ்தான் ஓடுகிறது. எங்கே தப்பு?

அதிகம் வரும் கேள்வி இதுதான். பெரும்பாலும் நீங்கள் கேமைச் சேர்த்திருக்க மாட்டீர்கள், அதன் லாஞ்சரைச் சேர்த்திருப்பீர்கள்.

இந்த மென்பொருள்களுக்குக் கேம் என்றால் என்னவென்றே தெரியாது. இப்போது திரையில் முன்னால் நிற்கிற விண்டோ எந்த எக்ஸ்இ ஃபைலுடையது (மென்பொருளை இயக்கும் ஃபைல்) என்று மட்டும் பார்க்கும். பட்டியலில் அந்தப் பெயர் இருந்தால் அதற்குரிய ப்ரொஃபைலைப் போடும், இல்லையென்றால் டெஸ்க்டாப் ப்ரொஃபைலுக்குத் திரும்பிவிடும். அவ்வளவுதான் அதன் மூளை. லாஞ்சர் கேமைத் திறந்துவிட்டு ஒதுங்கிக்கொள்ளும்; முன்னால் வந்து நிற்பது வேறு ஃபைல்.

சரி, நிஜப் பெயரை எப்படிப் பிடிப்பது? கேமைத் திறந்து, மெனு வந்ததும் ஆல்ட்-டேப் அடித்து வெளியே வாருங்கள். கன்ட்ரோல்-ஷிஃப்ட்-எஸ்கேப் அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். கேமின் வரியை வலது கிளிக் செய்து 'கோ டு டீடெயில்ஸ்' கொடுங்கள். அங்கே நீலமாகத் தெரிகிற பெயர்தான் நமக்கு வேண்டியது. மறுபடி வலது கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தால் ஃபோல்டர் திறக்கும். அந்தப் பாதையை அப்படியே காப்பி செய்து, மென்பொருளில் ப்ரொஃபைலோடு இணைக்கும் இடத்தில் கொடுத்துவிடுங்கள்.

அன்ரியல் என்ஜினில் செய்த கேம்களில் இந்தக் குழப்பம் அடிக்கடி வரும். ஃபோல்டரைத் திறந்ததும் கண்ணில் படுகிற சின்ன எக்ஸ்இ வெறும் வாசல்காரன். நிஜமான கேம் 'பைனரீஸ்', அதற்குள் 'வின்64' என்று இரண்டு அறை தாண்டி உட்கார்ந்திருக்கும். பெயர் பெரும்பாலும் 'வின்64-ஷிப்பிங்' என்று முடியும். மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு இன்னொரு வேடிக்கை. அது ஓடுவது 'ஜாவாடபிள்யூ' என்ற பொதுப் பெயரில். அதைச் சேர்த்தால், ஜாவாவில் எழுதிய வேறு எந்த மென்பொருளைத் திறந்தாலும் உங்கள் மைன்கிராஃப்ட் ப்ரொஃபைல் வந்து நிற்கக்கூடும்.

என்னிடம் இரண்டு மானிட்டர். ஆட்டத்தின் நடுவே ப்ரொஃபைல் தானாக டெஸ்க்டாப்புக்குப் போய்விடுகிறது. மவுஸ் பழுதா?

மவுஸ் நன்றாகத்தான் இருக்கிறது. மேலே சொன்ன அதே சங்கதி. பக்கத்து மானிட்டரில் சாட் விண்டோவை ஒரு கிளிக் செய்தீர்கள் என்றால் அதுதான் இப்போது முன்னால் இருக்கும் விண்டோ. கேம் பின்னால் ஓடிக்கொண்டிருந்தாலும் மென்பொருளுக்கு அது கணக்கில் இல்லை.

லாஜிடெக்கின் ஜி ஹப் மென்பொருளில் ஒரு ப்ரொஃபைலை 'பெர்சிஸ்டன்ட்' என்று பூட்டி வைக்கலாம். எந்த விண்டோ முன்னால் வந்தாலும் மாறாது. மற்ற மென்பொருள்களில் கேமோடு இணைத்ததை எடுத்துவிட்டு, ப்ரொஃபைலை ஒரு பட்டனில் வைத்து நீங்களே மாற்றிக்கொள்ளலாம். நான் செய்வது இன்னொன்று: எல்லா ப்ரொஃபைலிலும் டிபிஐயை (மவுஸ் ஓர் அங்குலம் நகர்ந்தால் எத்தனை எண்ணிக்கை அனுப்பும் என்கிற அளவு) ஒன்றாகவே வைத்துவிடுவேன். அப்புறம் ப்ரொஃபைல் மாறினாலும் கை தடுமாறாது.

ஒவ்வொரு கேமுக்கும் தனி டிபிஐ வைக்க வேண்டுமா? எவ்வளவு வைப்பது?

துப்பாக்கி கேம்களுக்கு வேண்டாம் என்பேன். டிபிஐ ஒன்றே இருக்கட்டும், வேகத்தை அந்தந்தக் கேமின் சென்சிட்டிவிட்டியில் சரிசெய்யுங்கள். எண் 800 ஆனாலும் சரி, 1600 ஆனாலும் சரி. கை பழகுவது டிபிஐக்கு அல்ல, முழுசாக ஒரு சுற்றுத் திரும்ப மவுஸ் எவ்வளவு தூரம் நகர வேண்டும் என்பதற்கு.

அந்தத் தூரத்தைக் கணக்காகவே போடலாம். கவுன்டர்-ஸ்டிரைக்கில் சென்சிட்டிவிட்டி 1 என்றால், மவுஸ் அனுப்பும் ஒவ்வொரு எண்ணிக்கைக்கும் பார்வை 0.022 டிகிரி திரும்பும். 800 டிபிஐ என்றால் ஓர் அங்குலத்துக்கு 800 எண்ணிக்கை, அதாவது 17.6 டிகிரி. 360ஐ அதால் வகுத்தால் சுமார் 20.5 அங்குலம், கிட்டத்தட்ட 52 சென்டிமீட்டர். 400 டிபிஐ, சென்சிட்டிவிட்டி 2 வைத்தாலும் இதே 52தான். இரண்டையும் பெருக்கி வரும் எண் ஒன்றாக இருந்தால் வேகமும் ஒன்று.

வேறு கேமில் இந்த 0.022 இருக்காது. அதனால் சூத்திரத்தைத் தேடி அலையாமல் அளந்துவிடுங்கள். கேமில் ஒரு கதவு ஓரத்தைக் குறிவைத்து நில்லுங்கள். மவுஸ் பேடின் ஓரமாக ஒரு ஸ்கேலை வையுங்கள். மெதுவாக ஒரே பக்கம் இழுத்து, அதே கதவு ஓரம் திரும்ப வரும்வரை போன தூரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். பேடில் இடம் முடிந்தால் மவுஸைத் தூக்கி வைத்துத் தொடரலாம். புதுக் கேமில் அந்தத் தூரம் வரும்வரை சென்சிட்டிவிட்டியைக் கூட்டிக் குறைத்தால் ஐந்து நிமிட வேலை. அதற்கு முன்னால் விண்டோஸில் 'என்ஹான்ஸ் பாயின்டர் பிரிசிஷன்' அணைந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ரா இன்புட் (மவுஸ் அசைவை விண்டோஸ் மாற்றாமல் நேரடியாக எடுத்துக்கொள்ளும் வசதி) இல்லாத கேமில் அது ஓடிக்கொண்டிருந்தால், கை போகும் வேகத்துக்குத் தகுந்தபடி தூரம் மாறும். நீங்கள் அளந்ததெல்லாம் வீண்.

இன்னொன்று. பெட்டியிலிருந்து எடுக்கும்போதே பல மவுஸ்களில் நான்கைந்து டிபிஐ படிகள் இருக்கும். ஒன்றை மட்டும் வைத்துவிட்டு மற்றதையெல்லாம் நீக்குங்கள். கடைசிச் சுற்றில் விரல் அந்தக் குட்டி பட்டனில் பட்டு, பார்வை கூரைக்குப் பறந்த அனுபவம் எனக்கு ஒருமுறை அல்ல, மூன்று முறை ஆகியிருக்கிறது.

தனி டிபிஐ தேவைப்படும் இடமும் உண்டு. ஸ்ட்ராடஜி கேம்களில் வெறும் கர்சர்தானே ஓடுகிறது. பெரிய திரையில் அதை மூலைக்கு மூலை இழுக்கக் கூடுதல் டிபிஐ வசதிதான்.

ப்ரொஃபைலில் மேக்ரோ (ஒரு பட்டனில் பதிந்து வைத்த செயல் வரிசை) வைத்தால் கேமிலிருந்து பேன் ஆகுமா?

கேமைப் பொறுத்தது. பொதுவாக ஒரு அளவுகோல் சொல்லலாம்: ஒரு அழுத்தலுக்கு ஒரு செயல் என்றால் பிரச்சினை வருவது அரிது. ஒரு அழுத்தலில் பல செயல்கள், அதிலும் இடைவெளி எண்ணி நடக்கிற செயல்கள் என்றால் ஆபத்துப் பகுதி. சைடு பட்டனில் 'ரீலோடு' வைப்பது முதல் வகை. சுடும்போது மவுஸைத் தானாகக் கீழே இழுக்கிற ஸ்கிரிப்ட் இரண்டாவது வகை. அதற்கு நான் பரிந்து பேச மாட்டேன்.

இதைவிட முக்கியமாகச் சொல்ல வேண்டியது கீபோர்டு வசதிகளைப் பற்றி. 2024இல் ரேசர் 'ஸ்னாப் டேப்' என்று ஒன்றைக் கொண்டுவந்தது. இடதுபக்கம் நகர்த்தும் ஏ விசையை விடுவதற்குள் வலதுபக்கம் நகர்த்தும் டி விசையை அழுத்தினால், கடைசியாக அழுத்தியதை மட்டும் கணக்கில் எடுத்துக்கொள்ளும். ஊட்டிங் கீபோர்டுகளில் இதே வேலைக்கு 'ஸ்னாப்பி டாப்பி' என்று பெயர். அதே ஆண்டு ஆகஸ்டில், கவுன்டர்-ஸ்டிரைக் 2இன் தனது அதிகாரபூர்வ சர்வர்களில் இப்படிப்பட்ட தானியங்கி உதவியைக் கண்டுபிடித்தால் ஆட்டத்திலிருந்தே வெளியேற்றுவோம் என்று அந்தக் கேமை உருவாக்கிய வால்வ் நிறுவனம் அறிவித்துவிட்டது.

பலர் மாட்டிக்கொள்வது வேண்டுமென்றே அல்ல. வேறு கேமுக்காக இதை இயக்கி, தெரியாமல் டெஸ்க்டாப் ப்ரொஃபைலிலேயே சேமித்திருப்பார்கள். அல்லது கீபோர்டின் சொந்த நினைவகத்தில் ஏற்றியிருப்பார்கள். மென்பொருளை மூடினாலும் அது ஓடிக்கொண்டேயிருக்கும். அதனால் போட்டிக் கேம்களுக்கு மேக்ரோவோ மற்ற வித்தைகளோ எதுவும் இல்லாத ஒரு சுத்தமான ப்ரொஃபைலை வைத்து, அந்தக் கேமோடு இணைத்துவிடுங்கள். ப்ரொஃபைலின் மிக உருப்படியான பயனே இதுதான் என்று எனக்குத் தோன்றும்.

பன்னிரண்டு சைடு பட்டன் உள்ள மவுஸ். பட்டன்களில் நம்பேட் (கீபோர்டின் வலது ஓரத்து எண் விசைகள்) எண்களை வைத்தேன். தனியாக அழுத்தினால் வேலை செய்கிறது. ஷிஃப்ட்டோடு அழுத்தினால் ஸ்கில் வராமல் பாத்திரம் நடக்க ஆரம்பிக்கிறது!

நல்ல கேள்வி, இதில் நானே ஒரு மாலை முழுக்கத் தொலைத்திருக்கிறேன். இது விண்டோஸின் பழைய பழக்கம். நம்லாக் எரியும்போது ஷிஃப்ட்டோடு நம்பேட் 4ஐ அழுத்தினால் அது '4' அல்ல, இடது அம்புக்குறி. 8 என்றால் மேல் அம்புக்குறி, 7 என்றால் ஹோம். கேமுக்குப் போய்ச் சேருவதும் அதுதான். ஷிஃப்ட்டுக்குப் பதில் கன்ட்ரோல் அல்லது ஆல்ட்டை வையுங்கள், சரியாகிவிடும்.

இல்லையென்றால் எஃப்13 முதல் எஃப்24 வரை உள்ள விசைகளைக் கொடுத்துப் பாருங்கள். சாதாரண கீபோர்டில் இவை இருக்காது, ஆனால் விண்டோஸுக்குத் தெரியும். வேறு எதோடும் மோதாது. சில கேம்கள் மட்டும் இவற்றை ஏற்காது. பேச்சுச் செயலியான டிஸ்கார்டில் மைக்கை மூட, நேரலை மென்பொருளான ஓபிஎஸ்ஸில் காட்சி மாற்ற இவை அருமை.

வெறும் இரண்டு சைடு பட்டன் உள்ள மவுஸ் என்றால் மென்பொருளைத் தொடவே வேண்டாம். 'மவுஸ் 4', 'மவுஸ் 5' என்று பெரும்பாலான கேம்களே அவற்றை நேரடியாக எடுத்துக்கொள்ளும்.

நண்பர் வீட்டுக் கணினியிலும் கன்சோலிலும் என் ப்ரொஃபைல் வருமா?

மவுஸின் சொந்த நினைவகத்தில் ஏற்றினால் வரும். டிபிஐ, போலிங் ரேட் (மவுஸ் கணினியோடு நொடிக்கு எத்தனை முறை பேசும் என்பது), எளிய பட்டன் மாற்றங்கள் கூடவே பயணிக்கும். கேமைப் பார்த்துத் தானாக மாறுவது வராது, அதற்குக் கணினியில் மென்பொருள் ஓட வேண்டும். எத்தனை ப்ரொஃபைல் கொள்ளும் என்பது மாடலுக்கு மாடல் மாறும்.

ஜி ஹப் வைத்திருப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை: 'ஆன்போர்டு மெமரி மோடு' இயங்கும்போது மென்பொருளில் நீங்கள் அமைத்த கேம் ப்ரொஃபைல்கள் வேலை செய்யாது. வெளியே போய் வந்து அதை அணைக்க மறந்துவிட்டு, 'ப்ரொஃபைல் மாறவில்லை' என்று எழுதியவர்கள் உண்டு.

போலிங் ரேட்டை 8000 ஹெர்ட்ஸில் வைக்கலாமா?

1000 ஹெர்ட்ஸ் என்றால் மவுஸ் 1 மில்லிசெகண்டுக்கு ஒருமுறை பேசுகிறது, 8000 என்றால் 0.125 மில்லிசெகண்டுக்கு ஒருமுறை. விலையாகப் பிராசஸருக்கு வேலை கூடும், ஒயர்லெஸ் என்றால் பேட்டரி சீக்கிரம் இறங்கும். சில கேம்கள் திணறவும் செய்யும். டெஸ்க்டாப்புக்கு 1000 போதும். 8000 வேண்டுமென்றால் குறிப்பிட்ட கேமின் ப்ரொஃபைலில் மட்டும் வைத்துப் பாருங்கள்.

ஹெட்செட்டில் காலடிச் சத்தம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்றே தெரியவில்லை. ஈக்வலைசரில் என்ன வைப்பது?

ஈக்வலைசருக்கு முன்னால், எத்தனை சரவுண்ட் (சத்தம் சுற்றிலும் இருந்து வருவதுபோலக் காட்டும் வசதி) ஓடுகிறது என்று எண்ணுங்கள். கேமுக்குள் 'ஹெட்போன்' ஒலி, விண்டோஸில் ஒரு ஸ்பேஷியல் ஒலி, ஹெட்செட் மென்பொருளில் விர்ச்சுவல் சரவுண்ட் என்று மூன்றும் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடினால் திசை கூழாகிவிடும். ஒன்றை மட்டும் விட்டு மற்றதை அணையுங்கள். கேமிலேயே நல்ல ஹெட்போன் வசதி இருந்தால் அதுவே இருக்கட்டும். அதன் பிறகு பாஸைக் கொஞ்சம் இறக்கி, 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் பகுதியை லேசாக ஏற்றினால் போதும். அதிகம் ஏற்றினால் அரை மணியில் காது வலிக்கும்.

ப்ரொஃபைல் மாறுகிறது, ஆனால் லைட் மட்டும் மாறவில்லை.

விண்டோஸ் 11இல் 2023இல் வந்த 'டைனமிக் லைட்டிங்' லைட்டைத் தன் கையில் எடுத்திருக்கும். செட்டிங்ஸில் பர்சனலைசேஷன் பகுதியில் இருக்கிறது, அணைத்துவிடுங்கள்.

மென்பொருளை நீக்கிவிட்டுப் புதிதாகப் போடச் சொல்கிறார்கள். அமைத்ததெல்லாம் போய்விடுமா?

போகலாம். ஒரு மென்பொருள் அப்டேட்டில், வருடக்கணக்காகச் சேர்த்த ப்ரொஃபைல்களை நான் இழந்திருக்கிறேன். ஏற்றுமதி வசதி இருந்தால் முதலில் ஃபைலாக எடுத்து வேறு இடத்தில் வையுங்கள். அதோடு பட்டன் பக்கத்தையும் டிபிஐ பக்கத்தையும் போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். புதிய பதிப்பு பழைய ஃபைலைத் திறக்க மறுத்தாலும், அந்தப் படத்தைப் பார்த்துப் பத்து நிமிடத்தில் மறுபடி அமைத்துவிடலாம்.