கொலைக் கணக்கும் கோனாபட்டு வீடும்

அன்புள்ள ஐயா,

எங்கள் அப்பச்சியும் ஆத்தாளும் கோனாபட்டில் பெரிய வீட்டில் தனியாக இருக்கிறார்கள். இருவருக்கும் எழுபது தாண்டிவிட்டது. சிவகங்கை மாவட்டத்தில் ஒரே வருஷத்தில் கொலை இரண்டு மடங்காகிவிட்டது என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி வந்தது. அன்றிலிருந்து தூக்கமில்லை. உத்தரப்பிரதேசத்தைவிட நாம் மோசமாகிவிட்டோமா? எங்கள் ஊர்ப் பக்கத்து ஆட்களுக்கு அரிவாள் ரத்தத்திலேயே இருக்கிறது என்கிறார்கள். சினிமாவும் கெடுக்கிறது. வீட்டைப் பூட்டிவிட்டு இருவரையும் சென்னைக்குக் கூட்டிவந்துவிடலாமா?

கி., சென்னை

அன்புள்ள கி.,

பெற்றவர்களை நினைத்துத் தூக்கம் கெடுகிற பிள்ளைக்குப் பதில் எழுதாமல் இருக்க முடியாது. குற்றக் கணக்கை வைத்துப் பயங்காட்டுவது பெருகிவிட்டதைப் பற்றி எழுத நினைத்திருந்த நேரம், உங்கள் கடிதமும் வந்தது.

முதலில் கொஞ்சம் திட்டிவிடுகிறேன். கோனாபட்டு செட்டிநாட்டு ஊர்தான், ஆனால் புதுக்கோட்டை மாவட்டம், திருமயம் தாலுகா. சிவகங்கையின் எண்ணை வைத்து ஏன் தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டீர்கள்? செட்டிநாடு இரண்டு மாவட்டங்களில் கிடக்கிறது. காவல்துறைக் கணக்கில் செட்டிநாடு என்று ஒரு வரியே கிடையாது.

சினிமாவை விடுங்கள். ‘ரத்தத்திலேயே அரிவாள்’ என்பதை மட்டும் இனி யாரிடமும் சொல்லாதீர்கள். யாரோ சொன்னதை எழுதினேன் என்று தப்பிக்கவும் வேண்டாம். 1992-ல் இந்தியாவில் பதிவான கொலை வழக்குகள் 40,105, லட்சம் பேருக்கு ஏறக்குறைய 4.6. 2022-ல் 28,522 வழக்குகள், லட்சத்துக்கு 2.1. ரத்தத்தில் இருப்பது முப்பது வருஷத்தில் பாதிக்குக் கீழே இறங்குமா?

உத்தரப்பிரதேசத்தில் 2022-ல் 3,491 கொலை வழக்குகள். எண்ணிக்கையில் அதுதான் முதலிடம். ஆனால் அங்கே இருப்பவர்கள் 23 கோடிக்கு மேல். வகுத்தால் 1.5, அகில இந்திய அளவைவிடக் குறைவு. தமிழகம் 2.2, ஜார்க்கண்ட் 4-ஐ ஒட்டி, கேரளம் 1-க்கும் கீழே. வடக்கு தெற்கு என்று கோடு போட்டால் நிற்காது. வகுக்கும் மக்கள்தொகையும் 2011 கணக்கெடுப்பிலிருந்து நீட்டிப் போட்ட மதிப்பீடுதான். அதனால் 2.1-க்கும் 2.2-க்கும் நடுவே சண்டை போடாதீர்கள்.

இனி அந்த ‘இரண்டு மடங்கு’. 2011 கணக்குப்படி சிவகங்கை மாவட்டத்தில் 13 லட்சத்து 39 ஆயிரம் பேர். அப்படியென்றால் பதின்மூன்று கொலை கூடினாலே விகிதம் 1 ஏறிவிடும். காரைக்குடி நகரில் அப்போது ஒரு லட்சத்து ஆறாயிரம் சொச்சம் பேர். அங்கே ஒரே ஒரு கொலை அதே அளவுக்குத் தூக்கிவிடும். வருஷத்துக்குச் சராசரி முப்பது கொலை நடக்கும் மாவட்டம் ஒன்று இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அங்கே எதுவுமே மாறாமல், தற்செயலாலேயே ஒரு வருஷம் இருபதும் இன்னொரு வருஷம் நாற்பதும் வரலாம். இருபது வந்த வருஷத்தையும் நாற்பது வந்த வருஷத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், இதோ உங்கள் இரண்டு மடங்கு! ஐந்து வருஷத்தைக் கூட்டி ஐந்தால் வகுங்கள், அதற்கு முந்தைய ஐந்து வருஷத்தையும் அப்படியே செய்யுங்கள், பிறகு இரண்டையும் ஒப்பிடுங்கள். மாவட்டக் கணக்கைப் படிக்க வேறு வழி கிடையாது. ஒரு வருஷ ஏற்றத்தைப் பிடித்துக்கொண்டு கூவுகிற எந்தச் செய்தியையும், அது பத்திரிகையில் வந்தாலும், நம்பாதீர்கள்.

கொலையையே ஏன் எடுக்கிறேன் என்றால், பிணம் விழுந்தால் மறைப்பது கஷ்டம். மற்றக் குற்றங்களில் ஸ்டேஷன் பேனாதான் கணக்கை எழுதுகிறது. ஒரு ஆச்சி கோயிலுக்குப் போகிறார், பைக்கில் வந்தவன் கழுத்துச் சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓடுகிறான். ஸ்டேஷனில் புகார் வந்ததற்கான சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்து அனுப்பினால் அது தேசியக் கணக்கில் ஏறாது, எஃப்.ஐ.ஆர். போட்டால்தான் ஏறும். அந்த எஃப்.ஐ.ஆரிலும் திருட்டு என்று எழுதினால் வன்முறைக் குற்றத்தில் வராது, வழிப்பறி என்றால் வரும். 2024 ஜூலை முதல் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவில் பறிப்புக்கென்றே 304-ஆம் பிரிவு வந்துவிட்டது. அதுவரை பழைய சட்டத்தின் வழிப்பறிப் பிரிவான 392-ல் போன சங்கிலி வழக்குகள் அங்கே மாறினால் வழிப்பறி குறைந்ததாகத் தெரியும், ஆனால் அந்த ஆச்சியின் கழுத்து வெறுங்கழுத்துதான். சட்டம் விரிந்தால் கணக்கும் ஏறும்: பாலியல் வன்கொடுமை வழக்குகள் 2012-ல் 24,923, சட்டம் திருத்தப்பட்ட 2013-ல் 33,707. 2012 டிசம்பரில் டில்லிப் பேருந்தில் நடந்த கொடுமைக்குப் பிறகு பெண்கள் துணிந்து புகார் கொடுத்ததும், போலீஸ் வாங்கிக்கொண்டதும் அதில் இருக்கிறது. மொத்தக் குற்ற விகிதத்தில் கேரளம் மாநிலங்களின் முன்வரிசையில் நிற்பதும் பெரிதும் அங்கே புகார் பதிவாகிறது என்பதால்தான் என்கிறார்கள். கடத்தல் எண்ணைப் பார்த்தும் பதறாதீர்கள். பதினெட்டு நிறையாத பெண் காதலனோடு போய்விட்டால், பெற்றோர் புகார் கொடுத்ததும் அதுவும் கடத்தல் வழக்குதான். ஒரே வழக்கில் பல குற்றம் இருந்தால் பெரிய குற்றம் மட்டுமே எண்ணப்படும். கன்னக்கோல் போட்டு உள்ளே வந்து கொன்றுவிட்டுப் போனால் கணக்கில் அது கொலை மட்டும்தான்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். 2022-ல் நடந்த கொலைகளில் தகராறு காரணம் என்று பதிவானவை 9,962, முன்விரோதம், பழிவாங்கல் 3,761, ஆதாயக் கொலை 1,884. தனியே இருக்கும் பெரியவர்களுக்கு நாம் அஞ்சுவது இந்த மூன்றாவதுக்குத்தான், நூற்றில் ஏழுக்கும் குறைவு. குறைவு என்று விட்டுவிடச் சொல்லவில்லை. நகையை வீட்டில் வைக்காமல் லாக்கரில் வையுங்கள். வேலைக்கு வருகிறவர்களின் பெயரும் போட்டோவும் திருமயத்திலோ சென்னையிலோ ஒருவரிடம் இருக்கட்டும். முகப்பிலிருந்து இரண்டாங்கட்டு வரை நீண்ட வீட்டில் பின்வாசல்தான் பலவீனம். அதற்கு உள்பக்கம் குறுக்குக் கட்டை, வெளியே விளக்கு. இரவில் இருவரும் ஒரே அறையில் படுக்கட்டும், போன் தலைமாட்டில் இருக்கட்டும். தினமும் காலையில் ஒரு நேரம் வைத்துக் கூப்பிடுங்கள், எடுக்காவிட்டால் போய்ப் பார்க்க அடுத்த வீட்டில் ஒருவரிடம் சொல்லி வையுங்கள். வீட்டைப் பூட்டிவிட்டுக் கிளம்பினால் ஸ்டேஷனில் எழுதிக் கொடுங்கள். பூட்டிய வீட்டில் தேக்குக் கதவும் மரத் தூணும் பிடுங்கப்படும் ஆபத்து, ஆள் இருக்கும் வீட்டைவிட அதிகம்.

பங்காளிகளுக்குள் வீட்டுப் பங்கில் ஏதாவது வழக்கு இழுபறியில் இருக்கிறதா? அந்த 9,962-ல் நிலத் தகராறும் குடும்பத் தகராறும் அடக்கம். இருந்தால் முதலில் வக்கீலை வைத்து அதை முடியுங்கள், பூட்டு வாங்குவது பிறகு.

இன்னொன்று. இவ்வளவு எழுதியிருக்கிறீர்கள், சென்னைக்கு வர அப்பச்சிக்கும் ஆத்தாளுக்கும் சம்மதமா என்று ஒரு வரி இல்லை. கேட்டுவிட்டு எழுதுங்கள்.