பக்கத்து வீட்டிலிருந்து புகார் போனால் சமூகப் பணியாளர் என்ன பார்ப்பார்?

வீட்டில் குழந்தைக்குத் தீங்கு நடக்கிறது என்று அக்கம்பக்கத்தார் புகார் கொடுத்ததால், குழந்தையைக் கூட்டிக்கொண்டு போய்விடுவார்களோ என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் பதற்றம் புரிகிறது. புகார் வந்ததுமே யாரும் குற்றவாளி ஆகிவிடுவதில்லை. குழந்தை இப்போது பத்திரமாக இருக்கிறதா என்பதுதான் விசாரிக்க வரும் சமூகப் பணியாளரின் முதல் கேள்வி.

காயம் இருந்தால், எந்த இடத்தில் என்று கவனிப்பார். ஓடியாடும் பிள்ளைக்கு முழங்காலிலும் அதற்குக் கீழே காலின் முன்பக்கத்திலும் அடிபடுவது சகஜம். காது, கழுத்து, வயிறு, முதுகு என்றால் கேள்வி எழும். தவழக்கூடத் தொடங்காத கைக்குழந்தையின் உடலில் கன்றிய தடம் இருந்தால், சிறியதானாலும் மருத்துவர் பார்த்தே ஆகவேண்டும்.

பிறகு குழந்தையோடு தனியாகப் பேசுவார். "அப்பா அடிச்சாரா?" என்று கேட்டால் பிள்ளை சும்மா தலையாட்டிவிடும். அதனால் "இது எப்படி ஆச்சு, சொல்லு" என்றுதான் கேட்கவேண்டும். குழந்தையின் கருத்துக்குச் செவிகொடுக்க வேண்டும் என்கிறது 1989-ஆம் ஆண்டு ஐ.நா. குழந்தை உரிமைகள் உடன்படிக்கையின் 12-ஆவது பிரிவு.

அண்டைவீட்டாரிடம், கண்ணால் பார்த்ததையும் காதில் விழுந்த வதந்தியையும் பிரித்துக் கேட்பார். வேலித் தகராறு, பழைய பகை எல்லாம் அங்கேதான் வெளிப்படும். புகார் கொடுத்தவர் யார் என்று தயவுசெய்து தேடாதீர்கள். பெரும்பாலும் சொல்லவும் மாட்டார்கள். பள்ளி, மருத்துவப் பதிவுகளை எடுத்து வையுங்கள், கேட்டதற்கு உள்ளதைச் சொல்லுங்கள்.