பாணில் சிற்பம் செய்த சிம்பொனிக்காரி

கேள்வி: என் மகள் வயலின் படிக்கிறாள். "பீத்தோவன், மெண்டல்சன், பிராம்ஸ் எல்லாரும் ஆம்பிளைகள். ஜெர்மனியில் ஒரு பொம்பிளைகூட சிம்பொனி எழுதவில்லையா அம்மா?" என்று கேட்கிறாள். என்ன சொல்ல?
- வாசகி, உப்புவெளி, திருகோணமலை

பதில்: எட்டு சிம்பொனி (பெரிய வாத்தியக்குழு வாசிக்கும் நீண்ட இசைப்படைப்பு) எழுதிய ஒருத்தர் இருக்கிறார் என்று சொல்லுங்கள். பெயர் எமிலீ மாயர். 1812இல் ஜெர்மனியின் ஃப்ரீட்லாண்ட் என்ற சிற்றூரில் பிறந்தவர். அப்பா மருந்துக்கடைக்காரர். இரண்டு வயதில் தாய் இறந்துவிட்டார். அதன்பிறகு வீடு, தகப்பன், கொஞ்சம் பியானோ என்றே வாழ்ந்தவருக்கு, 1840இல் தகப்பன் தன்னைத்தானே சுட்டுக்கொண்டு இறந்தபோது வயது 28. அந்தக் காலத்தில், நம்மூர் என்றில்லை, எந்த ஊரிலும் அந்த வயதுக்குமேல் ஒரு பெண்ணைப் பற்றி யாரும் பெரிதாக எதிர்பார்க்கமாட்டார்கள். இவர் கையில் வந்த முதுசக் காசோடு ஸ்டெட்டின் நகருக்குப் போய் (இப்போது அது போலந்தில் இருக்கிறது) கார்ல் லோவே என்ற இசையமைப்பாளரிடம் சேர்ந்தார். முதல் சிம்பொனிகள் 1847இல் அங்கேயே அரங்கேறின. பிறகு பெர்லின். அங்கே வாத்தியக்குழுவுக்கு எழுதும் வித்தையை வில்ஹெல்ம் வீப்ரெக்ட் என்ற இராணுவ பாண்ட் தலைவரிடம் கற்றார். அதே வீப்ரெக்ட் 1850 ஏப்ரலில் அரச நாடக அரங்கில் முழுக்க முழுக்க இவருடைய படைப்புகளையே வைத்து ஒரு கச்சேரி நடத்தினார். பெர்லினைத் தலைநகராகக் கொண்ட அன்றைய பிரஷ்ய அரசின் அரசி தங்கப் பதக்கமும் கொடுத்தார்.

ஒன்று சொல்ல மறந்துவிட்டேன், மகளுக்கு இதுதான் பிடிக்கும்: மாயர் பாணைப் பிசைந்து சிற்பமும் செய்வார்! நாம் சம்பலோடு தின்று தீர்ப்பதை அவர் சிற்பமாக்கிக் கொடுக்க, சில அரச மாளிகைச் சேகரிப்புக்கே போயின.

சரி, இவ்வளவு பேர் வாங்கியவரை ஏன் மறந்தார்கள்? பெண் என்பதால் என்று ஒரே வரியில் முடித்துவிடலாம், பொய்யும் இல்லை. ஆனால் அச்சு என்று ஒரு விஷயமும் இருக்கிறது. வீட்டில் வாசிக்கும் பாட்டு, வயலின் உருப்படிகளைக் குடும்பங்கள் வாங்கும், அதனால் பதிப்பாளர் அச்சிடுவார். சிம்பொனியை யார் வாங்குவது? அவை பெரும்பாலும் கையெழுத்துப் பிரதியாகவே கிடந்தன. 1883இல் அவர் இறந்தபின் வாசிக்க அச்சிட்ட தாள் கிடைக்கவில்லை. நாலாவது சிம்பொனியின் முழுப் பிரதியே தொலைந்து, ஒரே பியானோவில் இருவர் வாசிக்க எழுதிய வடிவத்திலிருந்து நம் காலத்தில் திரும்பக் கட்டியெழுப்பினார்கள். கோணேசர் கோயில் திருவிழாவில் விடிய விடிய வாசித்த நாதஸ்வரக்காரர்களின் ஆலாபனையும் இப்படித்தான் காற்றோடு போயிற்று, அதற்குத் தாளும் இல்லை.

கேள்வி: எதில் தொடங்கிக் கேட்கலாம்?
- அதே வாசகி

பதில்: 'ஃபாஸ்ட்' முன்னிசையில். இது அச்சேறியது, 1880இல். ஜெர்மன் கவிஞர் கெத்தேயின் 'ஃபாஸ்ட்' நாடகத்தை மனதில் வைத்து எழுதியது. இருட்டாக, மெதுவாகத் தொடங்கும். கடைசிப் பகுதியில் ஸட்ஜம் அசையாமல் நிற்க, சாதாரண காந்தாரம் அரைச்சுரம் உயர்ந்து அந்தர காந்தாரமாக மாறும்; மேற்கத்திய இசையின் பேச்சில், மைனர் மேஜராகும். மகளைக் கண்ணை மூடிக்கொண்டு அந்த இடத்தைப் பிடிக்கச் சொல்லுங்கள். பிரதியில் அங்கே மாயர் எழுதி வைத்திருப்பது: "அவள் காப்பாற்றப்பட்டாள்." அவள் என்பது நாடகத்தின் நாயகி கிரெட்சென்.