ஜித்தா அல் பலத்: பவளக்கல் வீடுகளும் ஹாஜிகள் தங்கிய மாடிகளும்

சவூதி அரேபியாவில் செங்கடல் கரையில் இருக்கும் ஜித்தாவின் பழைய நகரம்தான் அல் பலத். அதன் வீடுகள், வரலாறு, அங்கே வாழ்ந்த மக்கள் பற்றிப் பல பேர் கேட்டிருந்தீர்கள். ஒரே கேள்வியை நாலு பேர் கேட்டிருந்தால் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

அண்ணே, பலத் என்றால் எங்களுக்கு ஊருக்குப் போகும்முன் சாமான் வாங்குகிற இடம். கடைகளுக்குப் பின்னால் நிற்கும் அந்த வீடுகளெல்லாம் எவ்வளவு பழையவை?

ஊரின் வயது வேறு, வீடுகளின் வயது வேறு தம்பி. 647-ல் கலீஃபா உஸ்மான் இதை மக்காவின் துறைமுகமாக ஆக்கினார். 1183-ல் வந்த பயணி இப்னு ஜுபைர் பார்த்தது பெரும்பாலும் நாணல் குடிசைகளைத்தான். நடுவே சில கல் சத்திரங்கள் இருந்தன. ராத்திரி புழுக்கம் தாங்காமல் ஜனங்கள் மாடியில் படுத்தார்கள் என்றும் எழுதியிருக்கிறார்.

நாம் அண்ணாந்து பார்க்கும் நாலு, ஐந்து மாடி வீடுகளில் பெரும்பாலானவை 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்தவை. 1869-ல் சூயஸ் கால்வாய் திறந்தது. நீராவிக் கப்பல்களில் சரக்கும் ஹாஜிகளும் குவிந்தார்கள். வியாபாரிகள் கையில் காசு புரண்டது, வீடு மேலே மேலே போனது. ஆயிரம் வருட வீடு என்று யாராவது காட்டினால் தலையை ஆட்டிவிட்டு நகர்ந்துவிடுங்கள். நிஜமான பழமை வேண்டுமென்றால் ஷாஃபிஈ பள்ளிவாசலின் மினாராவைப் பாருங்கள். அது 13-ஆம் நூற்றாண்டு.

தனுஷ்கோடியில் இடிந்து கிடக்கும் தேவாலயச் சுவரில் பவளக்கல் பார்த்திருக்கிறேன். அதே கல்தானா?

அதே வகைதான். கரையோரப் பவளப்பாறையிலிருந்து வெட்டி எடுத்தார்கள். துளை துளையாக, எடை குறைவாக இருக்கும், வெட்டுவதும் சுலபம். ஆனால் பாரம் தாங்குவதில் அது சுமார்தான். அதனால் சுவரில் சீரான இடைவெளி விட்டுப் படுக்கைவாட்டில் மரச்சட்டங்களைப் பதித்தார்கள். பாரம் ஒரே இடத்தில் இறங்காமல் பரவும், சுவர் கொஞ்சம் அசைந்தாலும் பிளக்காது. வெளியே சுண்ணாம்புப் பூச்சு. உப்புக்காற்றில் பூச்சு உதிரும், திரும்பப் பூச வேண்டும். பராமரிப்பை நிறுத்தினால் இந்த வீடு அதிக நாள் நிற்காது.

பின்னால் வந்தவர்கள் சுண்ணாம்புக்குப் பதில் சிமென்ட் பூசினார்கள். கல் இழுத்த ஈரம் வெளியேற வழியில்லாமல் உள்ளேயே நின்று சுவரை அரித்தது. நல்ல எண்ணத்தில் செய்த கெடுதல் இது.

சன்னலை மூடியிருக்கும் அந்தப் பெரிய மரக்கூண்டு பெண்களை மறைக்கத்தானே?

எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள். பாதிதான் சரி. அதன் பெயர் ரோஷான். உள்ளே இருப்பவர் தெருவைப் பார்க்கலாம், தெருவில் போகிறவருக்கு உள்ளே தெரியாது. அது ஒரு பக்கம். என்னைக் கேட்டால் முதல் வேலை காற்றுதான். ஜித்தாவின் வெயிலோடு கடல் ஈரமும் சேர்ந்தால் என்ன ஆகும் என்று அங்கே இருந்தவர்களுக்குத் தெரியும். ரோஷான் தெருப் பக்கம் துருத்தி நிற்பதால் ஓடுகிற காற்றைப் பிடிக்கும், வெயில் நேராகச் சுவரில் விழாமலும் காக்கும். மண் குடத்தை அதில் வைத்தால் தண்ணீர் குளிர்ந்துவிடும். உள்ளே திண்டு போட்டு உட்காரலாம், படுக்கலாம்.

மரம்? இந்தியாவிலிருந்தும் ஜாவாவிலிருந்தும் கப்பலில் வந்த தேக்கு.

பலத்தில் இருக்கும் பழைய நசீஃப் வீட்டு வாசலில் நிற்பது வேப்பமரமா?

நம் வேம்பேதான். 11-ஆம் நூற்றாண்டில் வந்த பாரசீகப் பயணி நாசிர் குஸ்ரோ, இந்த ஊரில் மரமோ செடியோ கிடையாது, எல்லாம் வெளியிலிருந்தே வருகிறது என்று எழுதினார். 1920-கள் வரைக்கும்கூட நகருக்குள் இருந்த ஒரே மரம் இதுதான் என்பார்கள். 'மரம் இருக்கிற வீடு' என்றாலே வழி காட்டிவிடுவார்களாம். 1881-ல் முடிந்த வீடு. 1925-ல் ஜித்தா கைக்கு வந்தபோது, சவூதி அரேபியாவை உருவாக்கிய மன்னர் அப்துல் அஸீஸ் இங்கேதான் தங்கினார். ஒட்டகம் சுமையோடு மாடி ஏறுவதற்காகவே படிகளை அகலமாகவும் தாழ்வாகவும் கட்டினார்கள் என்று ஒரு கதை உண்டு. படிகளைப் பார்த்தால் நம்பத் தோன்றும்.

குடிதண்ணீருக்கு என்ன செய்தார்கள்?

மழைநீரை நிலத்தடித் தொட்டிகளில் தேக்கினார்கள், மீதியைக் காசு கொடுத்து வாங்கினார்கள். உஸ்மானியத் துருக்கியர் ஆட்சியின் கடைசிக் காலத்தில் கடல்நீரைக் காய்ச்சி வடிக்கும் 'கிந்தாசா' இயந்திரம் வந்தது. 1947-ல் வாதி ஃபாத்திமா பள்ளத்தாக்கிலிருந்து குழாயில் தண்ணீர் வந்தது. அதே வருடம்தான் நகர மதிலையும் இடித்தார்கள்.

சாதாரண நாளில் ஜனங்கள் எப்படி வாழ்ந்தார்கள்?

வருடத்தை ஹஜ்தான் நடத்தியது. சீசன் வந்தால் வீட்டுக்காரர்கள் ஒரு பகுதிக்குள் ஒடுங்கிக்கொண்டு மற்ற மாடிகளை ஹாஜிகளுக்கு விடுவார்கள். வந்தவர்களில் சிலர் திரும்பிப் போகவேயில்லை. யமனின் ஹள்ரமவ்த், எகிப்து, இந்தியா, ஜாவா, புகாரா என்று எல்லா ஊர் ரத்தமும் ஜித்தாக் குடும்பங்களில் உண்டு. 'பா' என்று தொடங்கும் பாஇஷன், பாஜுனைத் போன்ற பெயர்கள் ஹள்ரமிகளுடையவை.

நகரம் ஹாரா என்ற பேட்டைகளாகப் பிரிந்திருந்தது: ஷாம், மள்லூம், யமன், பஹ்ர். ஒவ்வொன்றுக்கும் உம்தா என்ற நாட்டாமை. மாலையில் அவர் பெஞ்சைச் சுற்றி ஆண்கள் கூடுவார்கள். பஞ்சாயத்து, வம்பு, கல்யாணப் பேச்சு எல்லாம் அங்கேதான். ரமலான் இரவுகளில் வண்டியில் 'பலீலா' விற்பார்கள். நம் கொண்டைக்கடலைச் சுண்டல்தான், தாளிப்புக்குப் பதில் ஊறுகாயும் வினிகரும்.

எனக்கு மிகவும் பிடித்தது, மக்காவும் ஜித்தாவும் இருக்கும் ஹிஜாஸ் பகுதி நகரங்களில் நடந்த 'கைஸ்' என்ற கொண்டாட்டம். ஹஜ் நாட்களில் ஆண்கள் மக்கா அருகே ஹாஜிகள் கூடும் மினாவுக்குப் போய்விட, ஊர் பெண்கள் கையில். ஆண் வேஷம் போட்டு, பாட்டுப் பாடித் தெருவில் ஊர்வலம் வருவார்கள். ஊருக்குள் தங்கிவிட்ட ஆண் கண்ணில் பட்டால் அவனைப் பாடிக் கேலி செய்தே விரட்டுவார்கள்.

இலங்கையிலிருந்து கேட்கிறேன். எங்கள் நாட்டோடு ஏதாவது தொடர்பு?

உண்டு, அதுவும் பழைய தொடர்பு. பலத்தில் இருக்கும் உஸ்மான் பின் அஃப்பான் பள்ளிவாசல் அகழாய்வு பற்றி 2024-ல் அறிவித்தார்கள். மிஹ்ராப் என்ற தொழுகைத் திசை மாடத்தின் இரு பக்கமும் இருந்த கருங்காலித் தூண்கள் ஹிஜ்ரி முதல் அல்லது இரண்டாம் நூற்றாண்டைச் (கி.பி. 7-8) சேர்ந்தவை, மரம் இலங்கையிலிருந்து வந்தது என்பது அவர்கள் முடிவு.

இவ்வளவு அழகான வீடுகளை ஏன் விட்டுவிட்டுப் போனார்கள்?

எண்ணெய்க் காசு. கார் நுழையும் தெரு, ஏசி, தோட்டம் தேடி வடக்கே போனார்கள். காலியான மாடிகளில் யமன், ஆப்பிரிக்கா, தெற்காசியாவிலிருந்து வந்த தொழிலாளிகள் நெருக்கியடித்துக் குடியிருந்தார்கள். அவர்களைக் குறை சொல்வது நியாயமில்லை. வாடகை வாங்கியவர்கள் கூரையைப் பார்க்கவில்லை, ஒரு வீட்டுக்குப் பல வாரிசுகள். தண்ணீர்க் கசிவு, தீ விபத்து என்று ஒவ்வொன்றாய்ப் போயின. 2014-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. 2019-ல் 56 கட்டடங்களைத் தாங்கிப்பிடிக்க 5 கோடி ரியால் ஒதுக்கினார்கள். இப்போது வேலை வேகமாக நடக்கிறது. காபிக் கடையும் தங்கும் விடுதியும் பெருகியிருக்கின்றன. வீடு நிற்கிறது, சரி. குடும்பங்கள் திரும்புமா என்பதில் எனக்குச் சந்தேகம்தான்.

உம்ரா முடித்துத் திரும்பும்போது ஒரு மாலைதான் கிடைக்கும். எங்கே போகலாம் பாய்?

அஸர் (பிற்பகல்) தொழுகைக்குப் பிறகு போங்கள், வெயில் இறங்கியிருக்கும். சூக் அல் அலவி என்ற கடைத்தெருவில் நுழைந்து கிழக்கே நடந்தால் நசீஃப் வீடு வரும். அங்கிருந்து மள்லூம் பேட்டைக்குள் திரும்பி ஷாஃபிஈ பள்ளிவாசலைப் பாருங்கள். பிறகு மறுபடி அலவி தெருவுக்கு வந்து பாப் மக்கா என்ற மக்கா வாசல் வரை போங்கள். அந்தக் காலத்தில் ஹாஜிகள் மக்காவுக்குப் புறப்பட்ட வழி அதுதான். சந்துகளில் பராமரிப்பு வேலைக்காகத் தடுப்பு வைத்திருப்பார்கள், அதனால் தேய்ந்த செருப்பு வேண்டாம்.