‘மல்லுக்கு நிற்கிற ஆள்’ என்றால் திட்டா?

வணக்கம். பாம்பன் மீன் வாடிக்கு (கரையோர மீன் கொட்டகைக்கு) கணக்கு எழுத வந்த இடத்தில், மீன் பெட்டியின் எடையிலிருந்து ஐஸ் எடையைக் கழிப்பது பற்றி நீங்கள் விடாமல் பேசியதும் ஒரு வியாபாரி "இவரு மல்லுக்கு நிக்கிற ஆளு" என்றாராம். அவமானமா, முதலாளியிடம் சொல்லலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

அவமானம் இல்லை. மல் என்பது மற்போர். நரசிம்மவர்ம பல்லவனின் மாமல்லன் என்ற பட்டத்தில் இருப்பதும் அதுதான். பேச்சில், விட்டுக்கொடுக்காமல் எதிர்த்து நிற்பது என்று பொருள். கொஞ்சம் சலிப்பு இருக்கும், வசை கிடையாது. ‘வம்புக்கு இழுக்கிறவர்’ என்றிருந்தால் நீங்கள் கோபப்படலாம். காரணமில்லாமல் சண்டையைத் தொடங்கியவர் என்ற பழி அதில் இருக்கிறது.

மல்லுக்கட்ட எதிரே ஆளே வேண்டியதில்லை. கச்சான் காற்று ஓங்கி அடிக்கிற நாளில் "காத்தோட மல்லுக்கட்டிக் கரை சேர்ந்தோம்" என்பார்கள். சிக்கிய வலையோடும், கிளம்ப மறுக்கிற இன்ஜினோடும் மல்லுக்கட்டுவார்கள். அங்கே பகை ஏது?

தொனியையும் பாருங்கள். "ஏன்டா எங்கிட்ட மல்லுக்கு நிக்கிறே?" என்று முகத்துக்கு நேரே வந்தால் அது எரிச்சல்தான். உங்களை ‘இவரு’ என்றல்லவா சொல்லியிருக்கிறார்! சரி, புகார் வேண்டாம். ஒரு பெட்டிக்கு ஐஸுக்காக எத்தனை கிலோ கழிப்பது என்று ஏலத்துக்கு முன்பே அவரிடம் பேசி எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.