மிருதங்கமும் ட்ரம்ஸும் எப்படி ஒன்றாகச் சேர்கின்றன?

ஃபியூஷன் என்பது இரு இசை மரபுகள் ஒரே காலப்பிரமாணத்தில், அதாவது ஒரே வேகத்தில், சேர்ந்து ஒலிப்பது. 1970களில் ‘சக்தி’ குழுவில் விக்கு விநாயக்ராமின் கடமும் ஜோன் மக்லாக்லினின் கிட்டாரும் அப்படிச் சேர்ந்தவைதான்.

சேர வைப்பது கணக்கு. மிருதங்கம் வாசிக்கும் ஆதி தாளத்துக்கு 8 அட்சரம், அதாவது 8 அடி. ட்ரம்ஸ் வாசிக்கும் மேற்கத்தைய நாலடிச் சுற்று இரண்டு சேர்ந்தாலும் 8. ஒவ்வொரு அட்சரத்தையும் மாத்திரை எனப்படும் 4 சம பாகங்களாக வைத்து, ‘ததிகிணதொம்’ என்ற 5 மாத்திரைச் சொல்லை வாசித்தால் அது அடியை விட்டு விலகிப் போகும். நாலு தரம் வாசித்தால் 20; சரியாக 5 அட்சரத்தில் வந்து விழும். அந்த இழுபறிதான் எவ்வளவு அழகு! நல்லூர் வீதியில் தகப்பனும் பிள்ளையும் கைகோத்து நடப்பதுபோல, காலடி வேறு, போய்ச் சேரும் இடம் ஒன்று. யாழ்ப்பாணத்துத் தவில் தனி வாசிப்பிலும் இத்தகைய கணக்குகளைக் கேட்கலாம்.

விரும்பியபடி தட்டுவதுதான் ஃபியூஷன் என்று பலர் நினைப்பது தவறு. அங்கேயும் சமம், அதாவது தாளம் தொடங்கும் முதல் அடி, தவறினால் வாசிப்பே குலைந்துவிடும்.